வீட்டுக் கடன்: 10 லட்சம் வாங்கினால் எத்தனை லட்சம் கட்டுகிறோம்?



காவாந்தண்டலத்திலும் உத்திரமேரூரைச் சுற்றியுள்ள மற்ற ஊர்களிலும் சொந்தமாக ஒரு தளம் போட்ட வீடு வேண்டும் என்பது எல்லாக் குடும்பத்தின் ஆசை. வீட்டுப் பிள்ளை ஒரகடத்திலோ ஸ்ரீபெரும்புதூரிலோ வேலைக்குச் சேர்ந்து, கையில் சம்பளச் சீட்டு வந்துவிட்டால் அந்த ஆசை பேச்சாகிறது. பேச்சு கொஞ்ச நாளில் கடன் விண்ணப்பமாகிறது. எங்களிடம் ஆலோசனை கேட்டு வருகிறவர்கள் பெரும்பாலும் கேட்கும் முதல் கேள்வி, "மாதம் எவ்வளவு கட்ட வேண்டியிருக்கும்?" என்பதுதான். "கடைசி வரை மொத்தம் எவ்வளவு கட்டுவோம்?" என்று கேட்பவர் குறைவு. அந்த இரண்டாவது கேள்விக்கு விடை சொல்வதுதான் இந்தக் கட்டுரையின் நோக்கம்.

தொடங்கும் முன் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறோம். வட்டி ஹராம் என்பதில் நமக்குள் இரண்டு கருத்து இல்லை. வட்டிக் கடன் எடுக்கலாம் என்று சொல்வதற்காக இதை எழுதவில்லை. ஒருவருடைய நிலைமைக்கு மார்க்கம் என்ன சொல்கிறது என்று விளக்குவது ஆலிம்களின் பொறுப்பு. அதை உங்கள் ஹஸ்ரத்திடம் கேளுங்கள். ஆனால் ஏற்கெனவே இந்தக் கடனுக்குள் இருக்கும் குடும்பங்கள் நம்மிடையே உண்டு. எடுப்பதா வேண்டாமா என்று தவிப்பவர்களும் உண்டு. இரு தரப்பாருக்கும் கணக்கு தெரிய வேண்டும். கடன் கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்கும்படி கட்டளையிடும் வசனம் (அல்பகரா 2:282) குர்ஆனிலேயே மிக நீளமான வசனம் என்பதை நாம் அறிவோம். எழுதிப் பார்த்தால்தான் கடனின் முழு உருவம் தெரியும்.

காலம் நீள நீள என்ன ஆகிறது?

எளிமைக்காகக் கடன் தொகை 10 லட்சம் ரூபாய், வட்டி ஆண்டுக்கு 9 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். உங்கள் கடன் 15 லட்சம் என்றால் எல்லா எண்ணையும் ஒன்றரையால் பெருக்கிக்கொள்ளுங்கள்.

10 ஆண்டு: மாதத் தவணை ரூ.12,668, மொத்த வட்டி சுமார் ரூ.5,20,000
15 ஆண்டு: மாதத் தவணை ரூ.10,143, மொத்த வட்டி சுமார் ரூ.8,26,000
20 ஆண்டு: மாதத் தவணை ரூ.8,997, மொத்த வட்டி சுமார் ரூ.11,59,000
25 ஆண்டு: மாதத் தவணை ரூ.8,392, மொத்த வட்டி சுமார் ரூ.15,18,000
30 ஆண்டு: மாதத் தவணை ரூ.8,046; மொத்த வட்டி சுமார் ரூ.18,97,000

20 ஆண்டுக் கடனில் வாங்கியது 10 லட்சம், திருப்பிக் கட்டுவது 21 லட்சத்து 59 ஆயிரம். இன்னொன்றையும் கவனியுங்கள். 20 ஆண்டை 30 ஆண்டாக்கினால் மாதத் தவணை 951 ரூபாய்தான் குறைகிறது. வட்டியோ 7 லட்சத்து 37 ஆயிரம் கூடுகிறது. மறுபக்கம், 20 ஆண்டை 15 ஆண்டாக்கினால் தவணை மாதம் 1,146 ரூபாய் கூடும். வட்டியில் 3 லட்சத்து 33 ஆயிரம் மிச்சமாகும்.

"தவணை கொஞ்சமாக வரும் மாதிரி போட்டுத் தருகிறோம்" என்று கடன் கொடுப்பவர் சொன்னால், காலத்தை நீட்டுகிறார் என்று பொருள். அது சில சமயம் குடும்பத்துக்குத் தேவைப்படலாம். ஆனால் அதன் விலை என்ன என்று தெரிந்து கையெழுத்துப் போட வேண்டும்.

முதல் ஆண்டுகளில் பணம் எங்கே போகிறது?

ஐந்து வருடம் தவறாமல் கட்டிவிட்டு, பாக்கி எவ்வளவு என்று வங்கியில் கேட்டவர்கள் திகைத்துப்போவது உண்டு. யாரும் ஏமாற்றவில்லை, தவணைக் கணக்கு அமைந்திருக்கும் முறை அப்படி. ஒவ்வொரு மாதமும் அன்றைக்கு நிற்கும் அசலுக்கு முதலில் வட்டி எடுக்கப்படும். மீதிதான் அசலில் கழியும்.

மேலே சொன்ன 20 ஆண்டுக் கடனில் முதல் மாதத் தவணை 8,997 ரூபாயில் 7,500 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 1,497 ரூபாய். முதல் வருடம் முழுதும் 1,07,967 ரூபாய் கட்டிய பிறகு அசல் 18,700 ரூபாய் அளவுக்குத்தான் குறைந்திருக்கும். ஐந்து வருடத்தில் 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டியிருப்போம். பாக்கி 8 லட்சத்து 87 ஆயிரம் நிற்கும். பத்து வருடம் முடியும்போது, வாங்கிய தொகையைவிட அதிகமாக, 10 லட்சத்து 79 ஆயிரம் கட்டியிருப்போம். அப்போதும் 7 லட்சத்து 10 ஆயிரம் பாக்கி. தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 12 வருடம் தாண்டிய பிறகு. அசலில் பாதி தீர்வது 14ஆம் வருடம் முடியும்போது.

இதிலிருந்து இரண்டு முடிவுகள் கிடைக்கின்றன. முதல் சில ஆண்டுகளிலேயே வீட்டை விற்க நேர்ந்தால், கட்டியதில் பெரும்பகுதி கைக்குத் திரும்பாது. அதே சமயம், அந்த முதல் ஆண்டுகளில் அசலில் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு ரூபாய்க்கும் பலன் மிக அதிகம். அதைப் பின்னால் விவரமாகச் சொல்கிறோம்.

வட்டி ஏறினால்?

இன்று தரப்படும் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டியில் உள்ளவை. வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்க வேண்டும் என்பது 2019 அக்டோபர் 1 முதல் ரிசர்வ் வங்கியின் விதி. ரெப்போ ஏறினால் நம் வட்டியும் ஏறும்; இறங்கினால் இறங்கும்.

2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம் ஏற்றம். இது ஒரு குடும்பத்துக்கு என்ன செய்திருக்கும் என்று பார்ப்போம். 7 சதவீத வட்டியில் 10 லட்சம், 20 ஆண்டுக்கு வாங்கியவருக்கு மாதத் தவணை 7,753 ரூபாய். ஒரு வருடம் கட்டிய பின் பாக்கி 9,76,210. அப்போது வட்டி 9.5 சதவீதமாகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டி மட்டுமே 7,728 ரூபாய். பழைய தவணையையே தொடர்ந்தால் அசலுக்குப் போவது 25 ரூபாய்க்கும் குறைவு. அந்த வேகத்தில் கடன் தீர இன்னும் 60 ஆண்டு ஆகும்!

வட்டி ஏறும்போது பல நிறுவனங்கள் தவணையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டிவிடுவது வழக்கமாக இருந்தது. மாதம் போகும் தொகை மாறாததால் வீட்டில் யாருக்கும் தெரியாது. இதை ஒழுங்குபடுத்தத்தான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. அதன்படி வட்டி மாறும்போது தவணையும் காலமும் எப்படி மாறும் என்று கடன்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை அவருக்குத் தர வேண்டும். வட்டிகூட அடையாத அளவுக்குக் காலத்தை நீட்டக் கூடாது. இதுவரை அசலாக எவ்வளவு, வட்டியாக எவ்வளவு கட்டப்பட்டது, இன்னும் எத்தனை தவணை என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குச் சீட்டும் தர வேண்டும்.

மேலே சொன்ன குடும்பம் மீதி 19 ஆண்டிலேயே கடனை முடிக்க வேண்டுமானால் தவணை 9,263 ரூபாய் ஆகியிருக்க வேண்டும். மாதம் 1,510 ரூபாய் கூடுதல். எனவே கடன் எடுக்கும் முன்பே, தவணை இதேபோல் ஐந்தில் ஒரு பங்கு கூடினால் நம் வருமானம் தாங்குமா என்று பார்க்க வேண்டும்.

2025 பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் மாதங்களில் ரெப்போ குறைக்கப்பட்டு 5.5 சதவீதத்துக்கு வந்தது. ஆனால் அக்டோபர் 2019 விதி வங்கிகளுக்கானது. வீட்டு வசதி நிறுவனத்திலோ வேறு நிதி நிறுவனத்திலோ கடன் வாங்கியவர்களுக்கு அந்தக் குறைப்பு தானாக வந்து சேரும் என்ற உறுதி இல்லை. அவர்கள் நேரில் போய்க் கேட்க வேண்டும்.

வட்டியோடு ஒட்டி வரும் செலவுகள்

விண்ணப்பக் கட்டணம், வக்கீல் கருத்துக்கான கட்டணம், இடத்தை மதிப்பிடுபவர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான அடமான ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியும் செலவு ஆகியவை கடன் கைக்கு வரும் முன்பே போகும். மனை வாங்குவதாக இருந்தால் பத்திரப்பதிவுச் செலவு தனி. தமிழ்நாட்டில் 2023 ஏப்ரல் முதல் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 8 லட்ச ரூபாய் மனைக்கு 72,000 ரூபாய் ஆகும்.

காப்பீடு பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். கடனோடு சேர்த்து ஓர் ஆயுள் காப்பீட்டையும் கொடுத்து, அதன் பிரீமியத்தைக் கடன் தொகையிலேயே ஏற்றிவிடுகிறார்கள். 40,000 ரூபாய் பிரீமியம் 20 ஆண்டுக் கடனில் சேர்ந்தால், 9 சதவீத வட்டியில் அது 86,000 ரூபாயாகக் கட்டி முடிக்கப்படும். வீட்டுக் கடனுக்கு ஆயுள் காப்பீடு எடுத்தே தீர வேண்டும் என்று ரிசர்வ் வங்கியோ காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமோ விதிக்கவில்லை.

வீடு கட்டக் கடன் வாங்கினால் பணம் ஒரே தடவையில் வராது. அஸ்திவாரம், லிண்டல், தளம் என்று கட்டம் கட்டமாக வரும். வேலை முடிந்து முழுத் தவணை தொடங்கும் வரை, வாங்கிய அளவுக்கு வட்டி மட்டும் கட்டச் சொல்வார்கள். அதில் அசல் ஒரு பைசாகூடக் குறையாது. மேஸ்திரி இழுத்தடிக்கும் ஒவ்வொரு மாதமும் நம் செலவுதான்.

நம் ஊர்ப்பக்கம் இன்னொரு சிக்கல் உண்டு. அங்கீகாரம் இல்லாத மனை, பட்டா பெயர் மாறாத பூர்வீக இடம், சம்பளச் சீட்டு இல்லாத வருமானம் இவற்றில் ஒன்று இருந்தாலும் வங்கிகள் தயங்கும். அப்போது அதிக வட்டி வாங்கும் நிறுவனத்திடம் போக வேண்டியதாகிறது. 10 லட்சத்தை 15 ஆண்டுக்கு 9 சதவீதத்தில் வாங்கினால் வட்டி 8 லட்சத்து 26 ஆயிரம். 14 சதவீதத்தில் வாங்கினால் 13 லட்சத்து 97 ஆயிரம். பட்டாவைச் சரிசெய்ய ஆறு மாதம் அலைவது வீண் அலைச்சல் ஆகாது.

'ஃபிளாட் வட்டி' என்ற சொல்லைக் கேட்டாலே நிதானியுங்கள். அதில் அசல் குறையக் குறைய வட்டி குறையாது. முதலில் வாங்கிய முழுத் தொகைக்கும் கடைசி வரை வட்டி ஓடும். 10 லட்சம், 10 ஆண்டு, 9 சதவீதம் என்றால் குறையும் முறையில் வட்டி 5,20,000. ஃபிளாட் முறையில் 9,00,000. இரண்டையும் '9 சதவீதம்' என்றுதான் சொல்வார்கள். வெளியே வாங்கும் 'நூற்றுக்கு இரண்டு ரூபாய் வட்டி' ஆண்டுக்கு 24 சதவீதம் என்பதையும் மறக்க வேண்டாம்.

கேட்டு வாங்க வேண்டிய காகிதம்

2024 அக்டோபர் 1 முதல் தனிநபருக்குத் தரும் எல்லாப் புதிய கடன்களுக்கும் 'கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட்' எனும் முக்கிய விவரக் குறிப்பை முன்கூட்டியே தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் உத்தரவு. கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும்; எனவே தமிழில் கேட்கலாம். கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட உண்மையான ஆண்டு வட்டி விகிதம் அதில் இருக்கும். மாதவாரியாக எவ்வளவு வட்டி, எவ்வளவு அசல் என்ற அட்டவணையும் இருக்கும். அதைப் படிக்க உங்களுக்குக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசம் உண்டு. "இன்றைக்கே கையெழுத்துப் போட்டால்தான்" என்று யாராவது அவசரப்படுத்தினால் அந்த மூன்று நாளை நினைவில் வையுங்கள்.

ஏற்கெனவே கடனில் இருப்பவர்களுக்கு

வட்டியிலிருந்து எவ்வளவு சீக்கிரம் வெளியேற முடியுமோ அவ்வளவு சீக்கிரம் வெளியேறுவதே குறிக்கோளாக இருக்கட்டும். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்டுவதற்கு அபராதம் வசூலிக்கக் கூடாது. பகுதியாகக் கட்டினாலும் முழுதாகக் கட்டினாலும் இதுவே விதி.

10 லட்சம், 9 சதவீதம், 20 ஆண்டுக் கடனில் முதல் வருட முடிவில் 50,000 ரூபாயை அசலில் கட்டித் தவணையை மாற்றாமல் விட்டால், கடன் 27 மாதம் முன்பாகவே முடியும்; சுமார் 1,98,000 ரூபாய் வட்டி மிச்சம். அதே 50,000 ரூபாயை 15ஆம் வருட முடிவில் கட்டினால் மிச்சம் 26,000 ரூபாய்தான். போனஸோ, அறுவடைப் பணமோ, சீட்டுப் பணமோ வந்தால் வண்டி வாங்கும் முன் இந்தக் கணக்கைப் பாருங்கள். கட்டும்போது "தவணை அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள்.

வட்டி இறங்கும்போதும் இதே வழிதான். தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தவணையையே தொடர்ந்தால் காலம் சுருங்கும்.

கடன் முடிந்ததும் வேலை முடிந்துவிடாது. 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அவர்கள் பக்கத் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது. சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தை ரத்து செய்து, வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, அடமானம் நீங்கியது அதில் ஏறியிருக்கிறதா என்று உறுதி செய்யுங்கள். இதைச் செய்யாமல் விட்டால், பிள்ளைகள் காலத்தில் பாகம் பிரிக்கும்போது தொல்லை வரும்.

தவணை தவறினால்

வேலை போவதும் நோய் வருவதும் யாருக்கும் நேரலாம். தொடர்ந்து 90 நாள் பாக்கி நின்றால் கடன் வாராக் கடனாக வகைப்படுத்தப்படும். அதன்பின் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் அவகாசத்துடன் நோட்டீஸ் வரும். அதற்கும் கட்டாவிட்டால், நீதிமன்றத்தில் வழக்குப் போட்டுத் தீர்ப்புக்குக் காத்திராமலே வீட்டைக் கையகப்படுத்தும் அதிகாரம் கடன் கொடுத்தவருக்கு உண்டு. அந்த நடவடிக்கையை எதிர்த்து 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் முறையிடலாம்.

குடும்பங்கள் பெரும்பாலும் எங்களிடம் வருவது கதவில் நோட்டீஸ் ஒட்டிய பிறகு. வெட்கப்பட்டு மறைத்து, ஒரு தவணையைக் கட்ட வெளியே கந்துவட்டிக்கு வாங்கி, இரண்டு கடனிலும் சிக்கிய பிறகு வருகிறார்கள். முதல் தவணை தவறும் மாதத்திலேயே வங்கிக்குப் போய் எழுத்து மூலம் நிலைமையைச் சொல்லுங்கள். காலத்தை மாற்றியமைக்கும் வாய்ப்பு அப்போதுதான் அதிகம். தாமதத்துக்கான அபராதத்தை அசலோடு சேர்த்து அதற்கும் வட்டி போடக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2023இல் உத்தரவிட்டிருக்கிறது. உங்கள் கணக்குச் சீட்டில் இதைப் பாருங்கள். வங்கியிடம் கொடுத்த புகாருக்கு 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றிப் புகார் செய்யலாம். விவரம் கேட்க 14448 என்ற எண் உள்ளது.

ஜகாத் பெறத் தகுதியான எட்டு வகையினரில் கடனாளிகளும் ஒரு வகையினர் (அத்தவ்பா 9:60). கடனில் தத்தளிப்பவர் கேட்டு வருவது அவமானம் ஆகாது. அவருக்குக் கேட்க உரிமை உண்டு.

கடன் விவரத்தை வீட்டில் மறைக்காதீர்கள். இறந்தவரின் சொத்தைப் பங்கிடும் முன் அவருடைய கடன் தீர்க்கப்பட வேண்டும் என்பது வாரிசுரிமை வசனங்கள் தரும் சட்டம் (அன்னிஸா 4:11). ஜனாஸா தொழுகைக்கு முன் இறந்தவர் மீது கடன் உண்டா என்று நபி (ஸல்) அவர்கள் கேட்ட செய்தி ஹதீஸ்களில் உள்ளது. எவ்வளவு பாக்கி, எந்தக் கிளை, பத்திரம் எங்கே என்று மனைவிக்கும் மூத்த பிள்ளைக்கும் தெரிந்திருக்க வேண்டும். கூட்டாகவோ ஜாமீனாகவோ கையெழுத்துப் போட்டவர் முழுக் கடனுக்கும் பொறுப்பாளி. உறவுக்காரர் கேட்டார் என்று ஜாமீன் போடும் முன் இதையும் யோசியுங்கள்.

இன்னும் கடன் எடுக்காதவர்களுக்கு

"வட்டியில்லாமல் வீட்டுக் கடன் தரும் வங்கி இந்தியாவில் இல்லையா?" என்ற கேள்வி அடிக்கடி வருகிறது. இன்றைக்கு இல்லை. ரகுராம் ராஜன் தலைமையிலான நிதித்துறைச் சீர்திருத்தக் குழு 2008இல் வட்டியில்லா வங்கி முறையைப் பரிசீலிக்கலாம் என்று பரிந்துரைத்தது. ஆனால் அந்த யோசனையை மேற்கொண்டு தொடரப்போவதில்லை என்று 2017இல் ரிசர்வ் வங்கி தெரிவித்துவிட்டது. இலங்கையில் 2011 முதல் அமானா வங்கி வட்டியில்லா அடிப்படையில் இயங்குகிறது. மலேசியாவில் 1983 முதல் இஸ்லாமிய வங்கி உண்டு. அங்கெல்லாம் நடைமுறையில் உள்ள ஒரு முறை, வங்கியும் வாடிக்கையாளரும் கூட்டாக வீட்டை வாங்கி, வங்கியின் பங்குக்கு வாடகை கொடுத்துக்கொண்டே அந்தப் பங்கைச் சிறிது சிறிதாக விலைக்கு வாங்குவது.

இங்கே அந்த வழி இல்லை என்பதைப் பயன்படுத்தி, 'ஹலால்' என்ற பெயரை மட்டும் மாட்டிக்கொண்டு வருபவர்களிடம் எச்சரிக்கை தேவை. பெங்களூரில் ஐ.எம்.ஏ. நிறுவனம் அந்தப் பெயரைச் சொல்லித்தான் முதலீடு திரட்டியது. 2019 ஜூனில் அது சரிந்தபோது, அதில் பணம் போட்டு ஏமாந்தவர்களில் பெரும்பாலோர் நம் சமுதாயத்தவர்கள்.

நம் கையில் இருக்கும் வழிகள் சிறியவை, ஆனால் உண்மையானவை. முதலாவது, அரசின் மானிய வீடுகள். 2024இல் தமிழக அரசு தொடங்கிய கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் குடிசையில் வாழும் ஊரகக் குடும்பங்களுக்கு 360 சதுர அடி வீடு கட்ட மூன்றரை லட்சம் ரூபாய் ஒதுக்கப்படுகிறது. பிரதமரின் ஊரக வீட்டு வசதித் திட்டத்தில் மத்திய அளவுகோலாக 1,20,000 ரூபாய் மானியம் உண்டு. இவை திருப்பிக் கட்ட வேண்டிய கடன்கள் அல்ல. தகுதியுள்ளவர்கள் ஊராட்சியிலும் உத்திரமேரூர் ஊராட்சி ஒன்றிய அலுவலகத்திலும் கேளுங்கள்.

இரண்டாவது, கட்டம் கட்டமாகக் கட்டுவது. பூர்வீக வீட்டில் வாடகையில்லாமல் இருப்பவர், மாதம் 9,000 ரூபாயைத் தவணையாகக் கட்டாமல் சேர்த்து வைத்தால் ஐந்து வருடத்தில் 5 லட்சத்து 40 ஆயிரம் கையில் இருக்கும். கடனில் அதே தொகையைக் கட்டியிருந்தால் அசலில் 1 லட்சத்து 13 ஆயிரம்தான் குறைந்திருக்கும் என்று மேலே பார்த்தோம். செங்கல், சிமெண்ட், கூலி விலை ஏறும் என்பது உண்மை. அதனால்தான் பணம் சேரச் சேர அஸ்திவாரம், சுவர், ஓர் அறை என்று கட்டிக்கொண்டே போவது நல்லது. நம் பெரியவர்கள் பலர் வீடு கட்டியது இப்படித்தான். வாடகை வீட்டில் இருப்பவர்கள் வாடகையையும் கணக்கில் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

மூன்றாவது, அழகிய கடன். உறவினரிடமோ ஜமாஅத்தின் பைத்துல்மாலிலோ வட்டியின்றி வாங்கும் கடனைத் தேதியும் தவணையும் போட்டு, சாட்சி வைத்து எழுதிக்கொள்ளுங்கள். எழுதாத கடன் உறவைக் கெடுக்கும். வசதியுள்ளவர்கள் ஒரு குடும்பத்துக்கு இரண்டு லட்சம் அழகிய கடன் தந்தால், இருபது வருட வட்டிக் கடன் ஒன்று எடுக்கப்படாமலே போகலாம். திருப்பித் தர முடியாமல் சிரமப்படுபவருக்கு அவகாசம் கொடுப்பதையும் குர்ஆன் நமக்குக் கற்பிக்கிறது (அல்பகரா 2:280).

நான்காவது, ஆசையின் அளவு. மாடி, முகப்பு, கிரானைட் என்று கூட்டும் ஒவ்வொரு லட்சமும் 20 ஆண்டுக் கடனில் இரண்டு லட்சத்துக்கு மேல் ஆகிறது. பிள்ளையின் படிப்பும் பெண்ணின் திருமணமும் அந்த இருபது வருடத்துக்குள்தான் வரும்.

கடன் ஒப்பந்தமோ, வங்கியின் கணக்குச் சீட்டோ, நோட்டீஸோ எதுவானாலும் புரியவில்லை என்றால் வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பின் காகிதத்தோடு எங்களிடம் வாருங்கள். உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்ப்போம். உங்கள் விவரம் எங்களோடு இருக்கும், வெளியே போகாது. கையெழுத்துப் போடும் முன் வந்தால் இன்னும் நல்லது.

கடனின் சுமையிலிருந்து நம் எல்லாக் குடும்பங்களையும் அல்லாஹ் பாதுகாப்பானாக. ஹலாலான வருமானத்தில், நிம்மதியாக உறங்கும் ஒரு வீட்டை ஒவ்வொருவருக்கும் தந்தருள்வானாக. ஆமீன்.